நடப்பது டீச்சர், சுடுவது கண்ணாடிக்காரர்

கண்ணாடிக்காரருடைய சிறுநீரகங்கள் இரண்டும் ஒரே சமயத்தில் கையை விரித்து ஐந்து மாதம் ஆகியிருந்தது. வாரத்தில் மூன்று நாள், பதினோரு மணியிலிருந்து மூன்று மணி வரை, டயாலிசிஸ் சென்டரில் நான்காம் நம்பர் கட்டிலில் படுத்திருப்பார். இடது கையில் இரண்டு ஊசி. ஒன்றின் வழியாக ரத்தம் மெஷினுக்குப் போகும். இன்னொன்றின் வழியாகச் சுத்தமாகித் திரும்பி வரும். அந்தக் கையை நான்கு மணி நேரமும் அசைக்கக் கூடாது. அசைத்தால் மெஷின் கத்தும். மெஷின் கத்தினால் சிஸ்டர் வருவார். சிஸ்டர் கத்த மாட்டார், பார்ப்பார். அதற்கு மெஷினே தேவலை.

சும்மா இருந்து பழகாத மனிதர் அவர். ஜன்னலுக்கும் அலமாரிக்கும் அளவு சொன்னால் கண்ணாடி வெட்டிக் கொடுக்கும் கடை வைத்திருந்தார். இருபத்து நான்கு வருடமாக நின்றுகொண்டே வேலை செய்த ஆளைப் படுக்க வைத்தால் என்ன செய்வார்? கூரையில் பதித்திருந்த பலகைகளை எண்ணினார். எண்பத்து நான்கு. அடுத்த முறை வந்தபோதும் எண்பத்து நான்குதான்.

அவரைக் கொண்டுவந்து விட்டுக் கூட்டிக்கொண்டு போவது மச்சினன். அக்கா புருஷன் கூரையைப் பற்றியே பேசிக்கொண்டு வருவதைக் கேட்டுக் கேட்டு அலுத்துப்போய், ஒரு நாள் அவருடைய போனை வாங்கி எதையோ ஏற்றிக் கொடுத்தான்.

"மாமா, இத விளையாடுங்க. நாலு மணி நேரம் போறதே தெரியாது."

"என்ன கேம்டா?"

"சுடுற கேம்."

"யாரை?"

"எல்லாரையும்."

மச்சினன் போட்டுக் கொடுத்தது ஒரு பெரிய தீவு. நூறு பேர் விமானத்திலிருந்து குதிப்பார்கள். அங்கங்கே கிடக்கும் துப்பாக்கியைப் பொறுக்கிக்கொண்டு ஒருவரையொருவர் சுடுவார்கள். சுற்றிலும் ஒரு நீல வட்டம் சுருங்கிக்கொண்டே வரும். அதற்கு வெளியே மாட்டிக்கொண்டாலும் சாவுதான். கடைசியில் மிஞ்சுகிறவர் ஜெயித்தவர். நடப்பதற்கு இடது கட்டைவிரல், சுடுவதற்கு வலது கட்டைவிரல்.

கண்ணாடிக்காரருக்கு இருந்தது வலது கை மட்டும். நடப்பதா சுடுவதா என்று முடிவெடுக்க வேண்டியிருந்தது. சுடுற கேம் என்று சொல்லிக் கொடுத்திருந்ததால் சுடுவது என்று முடிவெடுத்தார். குதித்த இடத்தில் துப்பாக்கி கிடந்தால் எடுத்துக்கொண்டு நிற்பார். கிடக்காவிட்டால் சும்மா நிற்பார். முதல் நாள் பதினோரு முறை செத்தார். பதினோரு முறையும் இறங்கிய இடத்தை விட்டு ஒரு அடி நகரவில்லை.

மூன்று நாள் இதைப் பக்கத்துக் கட்டிலிலிருந்து ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தார். ஐந்தாம் நம்பர். பள்ளிக்கூடத்தில் புவியியல் நடத்துகிற டீச்சர். நாற்பது வயதுக்குள் இருக்கும். பதில் தெரியாத பிள்ளை எழுந்து நிற்பதைப் பார்க்கிற பொறுமையோடு பார்த்துக்கொண்டிருந்தவர் மூன்றாம் நாள் வாயைத் திறந்தார்.

"ஏன் சார் அங்கேயே நட்டு வெச்ச கம்பம் மாதிரி நிக்கிறீங்க?"

"நடக்கக் கை இல்ல டீச்சர்."

டீச்சர் கொஞ்சம் யோசித்தார். அவர் இடது கைக்காரர். எழுதுகிற கையை விட்டுவிட்டு மற்றதில்தான் ஊசி போடுவார்கள் என்பதால், அவருக்கு மாட்டியிருந்தது வலது கை.

"எனக்கு இடது கை சும்மாதான் இருக்கு," என்றார்.

சாப்பாட்டுத் தட்டு வைக்கும் சக்கர மேஜையை இரண்டு கட்டிலுக்கும் நடுவில் தள்ளி வைக்கச் சொன்னார்கள். போனை அதன் மேல் நிமிர்த்தி வைத்தார்கள். அப்போதுதான் ஒரு சிக்கல் தெரிந்தது. நடக்கும் பொத்தான் திரையின் இடது ஓரம், அதாவது கண்ணாடிக்காரர் பக்கம். சுடும் பொத்தான் வலது ஓரம், டீச்சர் பக்கம். அவர் கை இந்தப் பக்கம் வர, இவர் கை அந்தப் பக்கம் போக, முழங்கை முழங்கையோடு மோதியது. "ஸாரி", "பரவாயில்ல" என்று சொல்லி முடிப்பதற்குள் யாரோ சுட்டுவிட்டுப் போனார்கள். அன்று முழுவதும் விளையாடியதைவிட மன்னிப்புக் கேட்டதுதான் அதிகம்.

மூன்று மணிக்கு வந்த மச்சினன் விஷயத்தைக் கேட்டு, பொத்தான்களை இழுத்து இடம் மாற்றிக் கொடுத்தான். அடுத்த முறையிலிருந்து திரையில் இருந்த அந்த ஒற்றை ஆளுக்கு டீச்சர் காலானார், கண்ணாடிக்காரர் கையானார்.

கை நல்ல கை. கண்ணாடியில் கோடு போடுகிற கை. ஒரு தடவைதான் இழுக்கலாம், நடுங்கக் கூடாது. ஆள் கண்ணில் பட்டால் போதும், விழுந்துவிடுவான். ஆனால் கண்ணில் பட வேண்டுமே? கால் வேறு மாதிரி யோசித்தது.

"எங்க போறோம் டீச்சர்?"

"வடக்கே ஒரு குன்று இருக்கு. அதுக்குப் பின்னாடி."

"அங்க ஆள் இருக்காங்களா?"

"ஒருத்தரும் இல்ல."

"அப்புறம் எதுக்குப் போறோம்?"

"அதுக்குத்தான்."

இப்படிப் பத்து நாள் போயிருக்கும். பிறகு சிஸ்டர் தலையிட்டார். அரை மணிக்கொரு தரம் ரத்த அழுத்தம் பார்க்கும் பட்டை சும்மா இருக்கும் கையில்தான் கட்டியிருக்கும். அது தானாக உப்பி மேற்கையை இறுக்கும்போது விரல் மரத்துப்போய்ப் போர் நிறுத்தம் ஆகிவிடும். அப்படி ஒரு போர் நிறுத்தத்தில் சிஸ்டர் வந்து நின்று கண்ணாடிக்காரருடைய எண்ணைப் படித்தார்.

"நூத்தி எழுபது. என்ன பண்ணீங்க?"

"மூணு பேரைச் சுட்டோம் சிஸ்டர்."

"இன்னும் எத்தனை பேர் இருக்காங்க?"

"அறுபத்தி ரெண்டு."

சிஸ்டர் அறுபத்து இரண்டைப் பற்றி யோசித்தார். பிறகு போனைக் கையில் எடுத்து, "இதுல இது ஒண்ணுதான் இருக்கா?" என்று கேட்டார். மச்சினன் போட்டுக் கொடுத்ததைத் தாண்டி எதையும் தொடாதவர் கண்ணாடிக்காரர். மூன்று பேருமாகத் தேடியதில் நான்கு மோடு இருப்பது தெரிந்தது. ஒன்று தீவு. இன்னொன்று அணிக்கு நாலு பேராக மோதுவது. இதில் செத்தால் ஐந்து விநாடியில் எழுந்து வந்துவிடலாம், பத்து நிமிடத்தில் ஆட்டம் முடிந்துவிடும். மூன்றாவது ஒண்டிக்கு ஒண்டி. நான்காவது பயிற்சி மைதானம். அங்கே மரப்பலகைகளைச் சுடலாம், அவை ஒன்றும் சொல்லாது.

சிஸ்டர் எதையும் சோதித்துப் பார்க்காமல் சொல்கிறவர் இல்லை. ஒரு நாளைக்கு ஒரு மோடு என்று விளையாடச் சொல்லி, கையுறை வந்த அட்டைப்பெட்டியின் பின்பக்கத்தில் எண்களைக் குறித்தார். தீவு நூற்று அறுபத்தெட்டு. அணி நூற்று எழுபத்திரண்டு. ஒண்டிக்கு ஒண்டி நூற்று எண்பதைத் தொட்டபோது பாதியில் நிறுத்தப்பட்டது. பயிற்சி மைதானம் நூற்று அறுபது.

"பலகையச் சுடுங்க," என்று தீர்ப்புச் சொல்லிவிட்டுப் போனார்.

இரண்டு வாரம் பலகையைச் சுட்டார்கள். சுட்டால் விழும். விழுந்தால் எழும். டீச்சர் மைதானத்தின் நான்கு மூலைக்கும் நடந்து பார்த்தார், சுவர்தான் இருந்தது. கண்ணாடிக்காரர் மறுபடியும் கூரையை எண்ண ஆரம்பித்தார்.

பதினைந்து நாளைக்கு ஒரு முறை வருகிற டாக்டர் வந்து, கட்டில் காலடியில் தொங்கிய தாளையும் சிஸ்டரின் அட்டைப்பெட்டியையும் பார்த்தார்.

"எல்லா நாளும் அதிகமாத்தானே இருக்கு? உடம்புல ஒரு கிலோ தண்ணி கூடுதலா நிக்குது. அதையும் சேர்த்து எடுத்துடுங்க."

"அப்போ கேம்?" என்றார் சிஸ்டர்.

"என்ன கேம்?" என்றார் டாக்டர்.

கூடுதல் தண்ணீரை எடுத்ததும் இரண்டே வாரத்தில் எண் நூற்று நாற்பதுக்கு வந்தது. சிஸ்டர் அட்டைப்பெட்டியை மடித்துக் குப்பையில் போட்டார். "எத வேணா விளையாடுங்க. சத்தம் மட்டும் வேண்டாம்," என்றார். ஐந்து வாரம் சிஸ்டருக்கு எதிராக ஒற்றுமையாக இருந்த இருவருக்கும், அன்று பன்னிரண்டு மணிக்குத்தான் தங்களுக்குள் கருத்து வேறுபாடு இருப்பது தெரிய வந்தது.

"அணி மோடு போடலாம் டீச்சர்," என்றார் கண்ணாடிக்காரர்.

"தீவுதான்."

"தீவுல இருபது நிமிஷம் நடந்தா ரெண்டு நிமிஷம் சுடுறோம். அதுல சட்டுனு ஆள் வருவான். செத்தாலும் அஞ்சு செகண்டுல எழுந்துடலாம்."

"அதான் எனக்குப் பிடிக்கல. ஒரே பாடத்தை நாலு வகுப்புக்கு நாலு தடவை நடத்திட்டு வர்றேன். இங்கயும் வந்து அதே சுவரு, அதே மூலை, திரும்பத் திரும்பவா? செத்தா செத்ததா இருக்கணும். இல்லேன்னா எவன் பார்த்து நடப்பான்?"

"பார்த்துப் பார்த்து நடந்து எனக்கு அலுத்துப்போச்சு டீச்சர்." கண்ணாடிக்காரர் குரலை உயர்த்தவில்லை; கூரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "கடையில ஒரு கோடு தப்பினா கண்ணாடி போச்சு. வீட்ல தண்ணியக்கூட அளந்து குடிக்கிறேன். ஒரு டம்ளர் கூடினா மூச்சு முட்டுது. ஒரு இடத்துலயாவது தப்புப் பண்ணிட்டு எழுந்து வரணும்னு தோணாதா?"

டீச்சரும் அதே அளவுத் தண்ணீர்தான் குடிக்கிறவர். அதனால் அந்தப் பேச்சில் அவர் அசையவில்லை.

"உங்க கை, உங்க இஷ்டம்," என்றார். "என் கால் அங்க வராது."

மேஜை பழைய இடத்துக்குத் திரும்பியது. டீச்சர் தன் போனில் அதே கேமை ஏற்றிக்கொண்டார். பக்கத்துப் பக்கத்தில் படுத்துக்கொண்டு, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு, இரண்டு முறை வந்து போனார்கள். கண்ணாடிக்காரர் அணி மோடில் நின்ற இடத்தில் நின்று சுட்டார். எழுந்து வந்தார், செத்தார், எழுந்து வந்தார். ஒரே ஆட்டத்தில் முப்பத்தொரு முறை. அவருடைய அணியில் இருந்த முன்பின் தெரியாத ஒருவன், "ஏன்டா, உன் கால்ல யாராவது ஆணி அடிச்சிருக்காங்களா?" என்று போன் வழியாகவே கேட்டான். அவர் ஒலியைக் குறைத்துக்கொண்டார்.

இரண்டாம் நாள் ஊசியைக் கழற்ற வந்த சிஸ்டரிடம் டீச்சர், "நாலாவது," என்றார்.

"என்னது நாலாவது?"

"தீவுல. நூறு பேர்ல."

"எத்தனை பேரைச் சுட்டீங்க?"

"துப்பாக்கியே எடுக்கல. நடந்துக்கிட்டே இருந்தேன்."

இதைச் சிஸ்டரிடம் சொல்கிற சத்தத்தைவிடக் கொஞ்சம் கூடுதலான சத்தத்தில்தான் சொன்னார். நான்காம் நம்பர் கட்டிலில் கண்ணை மூடியிருந்தவர் தூங்கவில்லை. நாலாவது என்பது சாதாரண விஷயம் இல்லை. வெறுங்கையோடு நாலாவது வருகிறவருக்குப் பின்னால் ஒரு துப்பாக்கி இருந்தால் என்ன ஆகும் என்று வீடு போய்ச் சேரும்வரை கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

அடுத்த முறை போனபோது, மெஷின்களுக்குத் தண்ணீரைச் சுத்தம் செய்து அனுப்பும் குழாய் உடைந்திருந்தது. ஒன்றரை மணி நேரம் ஆகும் என்று எல்லோரையும் வரவேற்பறை நாற்காலிகளில் உட்கார வைத்தார்கள். ஊசி இன்னும் ஏறவில்லை. டீச்சருக்கும் இரண்டு கை சும்மா இருந்தது, அவருக்கும் இரண்டு கை சும்மா இருந்தது. நடுவில் ஒரு காலி நாற்காலி.

"ரெண்டு பேரும் அவங்கவங்க போன்ல, ஒரே ஜோடியா ஆடலாம்போல இருக்கு," என்றார் கண்ணாடிக்காரர், யாருக்கும் இல்லாமல் பொதுவாக.

"தீவா?" என்றார் டீச்சர், அதே போலப் பொதுவாக.

"தீவே ஆகட்டும்."

முழு மனிதர்களாக அவர்கள் ஆடிய முதல் ஆட்டம் மூன்று நிமிடம் நடந்தது. கண்ணாடிக்காரரின் இடது கட்டைவிரலுக்கு நடை தெரியவில்லை. அவர் நேராகக் கடலுக்குள் இறங்கினார். கூப்பிட்டுப் பார்த்த டீச்சர், காப்பாற்ற வந்த இடத்தில் தெரியாமல் வலது விரலை அழுத்தி, தண்ணீருக்குள் நின்றவரை முதுகில் சுட்டார்.

"ஐயோ, ஸாரி."

"பரவாயில்ல. குறி நல்லாத்தான் இருந்தது."

இரண்டாவது ஆட்டம் இரண்டரை நிமிடம். அதற்குப் பிறகு டீச்சர் தன் போனைப் பைக்குள் போட்டார். எழுந்து வந்து நடு நாற்காலியில் உட்கார்ந்தார்.

"உங்க போனை எடுங்க. பொத்தான் மாத்தி வெச்சது அதுலதானே இருக்கு?"

இரண்டு பேரும் ஒவ்வொரு கையை மடியில் வைத்துக்கொண்டார்கள். உள்ளே கூப்பிடும்வரை அப்படியே ஆடினார்கள். எதிரே உட்கார்ந்திருந்த ஏழாம் நம்பர், இந்த இரண்டு பேருக்கும் கைக்கு என்ன வந்தது என்று தன் மனைவியிடம் மெதுவாகக் கேட்டார்.

உள்ளே போய் ஊசி ஏறி, மெஷின் ஓட ஆரம்பித்து, மூன்றாம் மணி நேரம் நடந்துகொண்டிருந்தது. தீவில் ஏழு பேர்தான் மிச்சம். அதில் ஒருவர் இவர்கள். டீச்சர் ஆளை ஒரு மாடி வீட்டின் குளியலறைக்குள் கொண்டுபோய் நிறுத்தியிருந்தார். கண்ணாடிக்காரர் இருபது நிமிடமாக ஒரு குண்டுகூடச் சுடவில்லை. அதைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசவில்லை.

"கதவையே பார்த்துக்கிட்டு இருங்க," என்றார் டீச்சர். குரல் கொஞ்சம் தள்ளி ஒலித்தது.

"பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன்."

ஆறு பேர். ஐந்து பேர். ஜன்னல் வழியே நீல வட்டத்தின் விளிம்பு தெரிந்தது.

"டீச்சர், வட்டம் வருது. கிளம்பலாமா?"

பதில் இல்லை. ஆள் நகரவில்லை. கண்ணாடிக்காரர் திரும்பிப் பார்த்தார். டீச்சரின் கட்டைவிரல் போன் மேல்தான் இருந்தது, அழுத்தாமல். முகம் சுண்ணாம்பு அடித்த மாதிரி வெளுத்து, நெற்றியில் வேர்வை கோத்திருந்தது. கண் பாதி திறந்திருந்தது, எதையும் பார்க்கவில்லை.

"சிஸ்டர்!"

மெஷின் கத்துவதற்கு முன்னால் அவர் கத்தினார். இத்தனை மாதத்தில் அந்த அறையில் அவர் சத்தம் போட்டது அதுதான் முதல் தடவை. சிஸ்டர் ஓடி வந்து கட்டிலின் தலைப்பக்கத்தை இறக்கினார், கால்பக்கத்தை உயர்த்தினார், சலைனைத் திறந்துவிட்டார். "டீச்சர், இங்க பாருங்க. என்னைப் பாருங்க. இன்னைக்கு என்ன கிழமை?" டீச்சருக்குக் கிழமை தெரியவில்லை. மேஜை மேல் இருந்த கை வழுக்கிக் கட்டிலுக்கு வெளியே தொங்கியது. சிஸ்டர் அதை எடுத்து உள்ளே வைத்தார்.

போனில் குளியலறைக் கதவு திறந்தது. கண்ணாடிக்காரரின் விரல் அழுத்தியது. ஒருவன் விழுந்தான். இன்னொருவன் வந்தான், விழுந்தான். கொஞ்சம் இடைவெளி விட்டு மூன்றாமவன். அது விரல் செய்த வேலை. அவர் பார்த்துக்கொண்டிருந்தது ஐந்தாம் நம்பர் கட்டிலை. டீச்சரின் உதட்டில் நிறம் வருகிறதா, இல்லையா; வருகிற மாதிரி இருந்தது; இல்லை, அது விளக்கு வெளிச்சம். சிஸ்டர் மறுபடியும் கிழமை கேட்டார். நீல வட்டம் சுவர் வழியாக உள்ளே வந்து, நின்றுகொண்டிருந்த ஆளைத் தாண்டிப் போனது.

ஆறேழு நிமிடம் கழித்து டீச்சர், "வியாழன்," என்றார். எரிச்சலோடு சொன்னார். சிஸ்டர் ஒரு மூச்சு விட்டார்.

"பி.பி. சட்டுனு இறங்கிடுச்சு. இப்போ பரவாயில்ல. அப்படியே படுங்க, அசையாதீங்க."

சிஸ்டர் அந்தப் பக்கம் போனதும் டீச்சர் மெல்லத் தலையைத் திருப்பினார்.

"கேம்ல என்ன ஆச்சு?"

"ரெண்டாவது."

"எத்தனை பேரைச் சுட்டீங்க?"

"மூணு."

"அப்போ ஒருத்தன்தானே பாக்கி? எப்படிச் செத்தோம்?"

"வட்டத்துல மாட்டிக்கிட்டோம். நடக்க ஆள் இல்ல."

டீச்சர் கண்ணை மூடி இதை யோசித்தார். மயக்கம் தெளிந்த இரண்டாம் நிமிடத்தில் யோசிக்கிற விஷயம் இல்லை, ஆனாலும் யோசித்தார். "நடக்கிற பொத்தான் உங்க விரல்லேர்ந்து ரெண்டு அங்குலம்தானே சார் தள்ளி இருக்கு? சுட ஆள் இல்லாதப்போ கை சும்மாதானே இருந்தது? நீங்களே அழுத்தியிருக்கலாமே?"

கண்ணாடிக்காரருக்கு அது அப்போதுதான் உறைத்தது. அழுத்தியிருக்கலாம். யாரும் தடுக்கவில்லை. ஏன் தோன்றவில்லை என்று தேடிப் பார்த்தார்.

"கதவையே பார்க்கச் சொன்னீங்க," என்றார்.

டீச்சர் அவரைப் பார்த்தார். பிறகு மறுபக்கம் திரும்பிக்கொண்டார். தோள் இரண்டும் லேசாகக் குலுங்கின. அழுகிறாரா சிரிக்கிறாரா என்று கண்ணாடிக்காரருக்குத் தெரியவில்லை.

சனிக்கிழமை மேஜையை நடுவில் இழுத்துப் போட்டதும் டீச்சர்தான் முதலில் போனைத் தொட்டார். தீவைத் தாண்டி அணி மோடுக்குப் போய் நின்றார்.

"டீச்சர், அது தீவு இல்ல."

"தெரியும். தீவுல நான் பாதில போயிட்டா உங்களுக்கு ஆட்டம் முடிஞ்சுது. இதுல நான் கொஞ்ச நேரம் இல்லேன்னாலும் நீங்க பாட்டுக்குச் செத்துச் செத்து வந்துக்கிட்டு இருக்கலாம்."

"உங்களுக்குப் பிடிக்காதே."

"பிடிக்காதுதான். போடுங்க."

ஆட்டம் தொடங்கியது. இவ்வளவு நாள் குன்றுக்குப் பின்னாலும் குளியலறைக்குள்ளும் ஒளிந்து ஒளிந்து நடந்த கால், செத்தாலும் எழுந்து வரலாம் என்று தெரிந்ததும் வேறு யாருடைய காலோபோல ஆகிவிட்டது. எதிரணி நின்ற முற்றத்துக்குள் டீச்சர் நேராக ஓடினார். சுவர் ஓரம் இல்லை, மறைவு இல்லை, நட்டநடுவே. சுட்டுத் தள்ளினார்கள். ஐந்து விநாடியில் எழுந்து அதே வழியில் அதைவிட வேகமாக ஓடினார். கண்ணாடிக்காரருக்குக் குறி பார்க்க நேரமில்லை. வலது பக்கம் ஒருவனைப் பார்ப்பதற்குள் டீச்சர் அவனையே தாண்டிப் போயிருந்தார்.

"டீச்சர், ஒரு நிமிஷம் நில்லுங்க. துப்பாக்கியில குண்டு இல்ல, மாத்திக்கிறேன்."

"மாத்துங்க," என்றார் டீச்சர், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "நான் போய்க்கிட்டே இருக்கேன்."